நான்கு விநாடிக் கிழவர்

உகாய் ஷூஜி ஐந்து கிலோ அரிசி மூட்டையைத் தன் முதுகில் வைத்துக் கட்டிக்கொண்டிருந்தார். ஒரு கையால் மூட்டையைப் பின்னால் தாங்கிக்கொண்டு, மறு கையால் பெல்ட்டை வயிற்றுக்கு முன்னால் இழுத்துக் கொக்கியில் மாட்டப் பார்த்தார். மாட்டவில்லை. மூட்டை சரிந்தது. மறுபடி முதலிலிருந்து. அது அவருடைய அம்மாவை எழுப்பும்போது இடுப்பில் கட்டிப் பிடித்துக்கொள்வதற்காக நான் வாங்கச் சொன்ன பெல்ட். இரண்டு வருஷத்தில் அவர் அதைத் தொட்டு நான் பார்த்தது அன்றுதான்.

வியாழக்கிழமை காலை பத்து மணி. முதியவர்களை அவர்கள் வீட்டுக்கே போய்ப் பராமரிப்பது என் வேலை. என்னிடம் இருக்கும் சாவியால் கதவைத் திறந்து உள்ளே வந்த நான், காலணியைக் கழற்றியபடி பார்த்துக்கொண்டு நின்றேன். கொக்கி ஒருவழியாக மாட்டியதும், புத்தக அலமாரியில் சாய்த்து வைத்திருந்த செல்போனில் பதிவை ஓடவிட்டார். மடித்து அடுக்கிய மெத்தைகளின் மேல் போய்ப் படுத்தார். முனகினார். பிறகு எழுந்தார். வயது ஐம்பத்திரண்டு, தொடையில் நல்ல பலம். மூட்டை என்ன, நானே முதுகில் தொங்கினாலும் அப்படித்தான் எழுந்திருப்பார்.

ஜன்னலோரக் கட்டிலில் அவருடைய அம்மா தோமெ சான் படுத்திருந்தார். சான் என்பது நாங்கள் மரியாதைக்குப் பெயரோடு சேர்ப்பது. எண்பத்தாறு வயது. முப்பது வருஷம் ரயில் நிலைய வாசலில் நின்று டிக்கெட்டில் ஓட்டை போட்டவர். மெதுவாக நடக்கிற ஜனங்களை அவருக்கு அன்றும் பிடிக்காது, இன்றும் பிடிக்காது. தானே அப்படி ஆனதைத்தான் எல்லாவற்றையும்விடப் பிடிக்காது.

"காலைல இருந்து இது அஞ்சாவது தடவை, சுகெனோ சான்," என்றார் என்னிடம். "மூட்டை ரெண்டு தடவை கீழ விழுந்துருச்சு. இன்னிக்கு நொய்க் கஞ்சிதான்."

"அம்மா, சத்தம் பதிவாகுது," என்றார் மகன்.

"ஆகட்டும். கிழவன் எழுந்திரிக்கிற வீட்டுல சத்தம் இல்லாமலா இருக்கும்?"

உகாய் சான் அனிமே எனப்படும் அசையும் ஓவியப் படங்களுக்கு வரைகிறவர். ஒரு அசைவில் முக்கியமான நிலைகளை அவர் வரைவார். இடையில் வரும் படங்களை வேறு யாரோ, வேறு ஏதோ ஊரில், வேறு ஒரு அறையில் தனியாக உட்கார்ந்து வரைவார்கள். அவருக்குக் கொடுக்கப்படுவது பெரும்பாலும் தண்ணீர், வெடி, காற்றில் பறக்கும் தலைமுடி. முப்பது வருஷத்தில் பள்ளிக்கு நேரமாகிவிட்டது என்று துள்ளி எழும் பெண்பிள்ளைகளை முந்நூறு பேராவது எழுப்பியிருப்பார். ஒரு கிழவரை எழுப்பியதில்லை.

முன்பெல்லாம் எல்லோரும் நெரிமாவில் ஒரே ஸ்டூடியோவில் தோளோடு தோள் இடிக்க உட்கார்ந்து வரைந்தார்கள். மேசைக்கு அடியிலேயே தூங்கினார்கள். குளிப்பதைப் பற்றி நான் எழுதப்போவதில்லை. ஆனால் கிழவரை வரைய வேண்டுமென்றால், பின்னணி தீட்டுகிற வயசாளி ஒருவர் மூலையில் இருப்பாராம். அவரைக் கூப்பிட்டு, கொஞ்சம் உட்கார்ந்து எழுந்திருங்கள் என்பார்களாம். தொற்று வந்த வருஷம் எல்லோரையும் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். உகாய் சானின் மேசையும் விளக்கும் ஒரு வேனில் ஏறி ஹோயாவில் இருக்கும் இந்த அடுக்குமாடி வீட்டுக்கு வந்தன. பின்னணி தீட்டுகிறவர் தன் ஊருக்குப் போய்விட்டார். அதற்குப் பிறகு கிழவரோ குழந்தையோ கர்ப்பிணியோ, யாரை வரைய வேண்டுமென்றாலும் ஒவ்வொருவரும் அவரவர் அறையில் அவரவரையே செல்போனில் படம் பிடித்துப் பார்த்து வரைகிறார்கள். அதனால் இப்போது வரும் படங்களில் கிழவர்கள் எல்லோருக்கும் நரைத்த முடியும் முப்பது வயதுத் தொடையும் இருக்கின்றன.

மேசை வந்த அடுத்த குளிர்காலத்தில் தோமெ சான் குளியலறையில் விழுந்து இடுப்பு எலும்பை உடைத்துக்கொண்டார். மகன் வீட்டிலேயே வேலை செய்கிறார், அதனால் பார்த்துக்கொள்வார் என்று எல்லோரும் சொன்னார்கள். மருத்துவமனையில் சொன்னார்கள், நகராட்சியில் சொன்னார்கள், கீழ் வீட்டு அம்மாள் இந்தக் காலத்தில் இப்படி ஒரு பிள்ளையா என்று கண்ணைத் துடைத்துக்கொண்டார். நான் வந்து பார்த்தேன். மேசை சுவரைப் பார்த்தபடி இருந்தது. கட்டில் அதில் உட்காருபவரின் முதுகுக்குப் பின்னால். இரண்டுக்கும் நடுவில் ஒன்றரை மீட்டர். சக்கர நாற்காலி திரும்புமா என்று அளந்தபோது தெரிந்துகொண்டேன். உகாய் சானின் காதில் எந்நேரமும் ஹெட்போன். தோமெ சானுக்குத் தண்ணீர் வேண்டுமென்றால் கட்டிலில் இருந்தபடி மகனுக்குப் போன் செய்வார். அவரும் திரும்பாமலே எடுத்து, "சொல்லுங்கம்மா" என்பார்.

அவரைக் கெட்ட பிள்ளை என்று நான் சொல்லவில்லை. தண்ணீர் கொடுப்பார். மதியம் அம்மாவைக் கக்கூசுக்கும் கூட்டிப்போவார். எப்படி என்றால், அக்குளில் கையைக் கொடுத்து, சாக்குமூட்டையைப் போல ஒரே தூக்கு. அவர் சுவரைப் பார்த்துக்கொண்டே தூக்குவார், அம்மா அவர் தோளுக்குப் பின்னால் சுவரைப் பார்த்துக்கொண்டே போவார். நான் மூன்று முறை சொல்லிக்கொடுத்தேன். மூன்று முறையும் அவர் தலையாட்டினார்.

இனி விஷயத்துக்கு வருகிறேன். அந்த வசந்தத்தில் ஸ்டூடியோவிலிருந்து ஒரு கடிதம் வந்தது. எல்லோரும் வீட்டில் இருப்பதால் மனதுக்கும் மனதுக்குமான தொடர்பு அறுந்துவிட்டதாம். அதனால் இனி ஹைபிரிட், சில நாள் வீடு, சில நாள் ஸ்டூடியோ. யார் எத்தனை நாள் வர வேண்டும் என்று வண்ண வண்ணமாக ஒரு அட்டவணை. டைரக்டர் மினெகிஷி மட்டும் கருயிசாவாவில் தன் மலை வீட்டிலிருந்தே தொடர்பு கொள்வார். வீட்டில் நோயாளி இருப்பவர்களுக்கு ஒரு சலுகை இருந்தது, வரவே வேண்டாம். ஆனால் ஒரே ஷாட் மூன்று முறை ரீடேக் என்று திரும்பி வந்துவிட்டால் சலுகை போய்விடும். அந்த ஆள் வாரத்துக்கு ஐந்து நாள் ஸ்டூடியோவுக்கு வந்து உட்கார்ந்துதான் வரைய வேண்டும்.

உகாய் சானின் இருநூற்றுப் பதினாலாம் ஷாட் இரண்டு முறை திரும்பி வந்திருந்தது.

மூன்றாவது முறையும் வந்தால் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும். என்னுடைய மணி நேரங்கள் நகராட்சி எழுதிக்கொடுத்தவை, கூட்ட முடியாது. மதியம் அந்த வீட்டில் யாரும் இல்லையென்றால் தோமெ சான் அங்கே இருக்க முடியாது. ஓமெயில் இருக்கும் முதியோர் இல்லத்துக்கு உகாய் சான் ஒரு விண்ணப்பம் வாங்கி, பாதி எழுதி, வரைகிற தாள்களுக்கு அடியில் வைத்திருந்தார். அம்மாவுக்குத் தெரியாது என்று நினைத்திருந்தார்.

அந்த ஷாட் இதுதான். விடியற்காலை. கலங்கரை விளக்கத்தைக் காவல் காக்கும் கிழவர் கப்பலின் ஊதல் சத்தம் கேட்டுக் கட்டிலிலிருந்து எழுந்து நிற்கிறார். நான்கு விநாடி. முதல் முறை வந்த குறிப்பு: கனம் இல்லை. இரண்டாம் முறை வந்தது: இன்னும் கனம் இல்லை, இந்த உடம்பில் வாழ்ந்த வருஷங்கள் தெரியவில்லை. அரிசி மூட்டை அதற்காகத்தான். வருஷத்துக்கு எவ்வளவு கிராம் என்று கணக்குப் போட்டாரோ தெரியாது. அன்று பத்தே முக்காலுக்கு வீடியோ கூட்டம். அதில் மூன்றாவது தடவையாகக் காட்ட வேண்டும்.

தோமெ சானின் முகத்தைத் துடைத்துக்கொண்டே உகாய் சானின் திரையை எட்டிப் பார்த்தேன். அவர் வரைந்த கிழவர் முதுகை நேராக வைத்துக்கொண்டு லிஃப்டு மாதிரி மேலே போனார்.

"மூக்கு முன்னால வரலையே," என்றேன்.

அவர் ஹெட்போனை ஒரு காதிலிருந்து நகர்த்தினார். "என்ன சொன்னீங்க?"

உட்கார்ந்திருக்கும் எந்த மனிதரும், மூக்கு கால்விரலைத் தாண்டி முன்னால் வராமல் எழ முடியாது, பயிற்சியில் முதல் நாளே இதைத்தான் சொல்லித் தருவார்கள் என்றேன். முதலில் ஒருக்களித்துப் படுக்க வேண்டும். காலைக் கீழே விட வேண்டும். முழங்கையை ஊன்றி உட்கார வேண்டும். நுனிக்கு நகர வேண்டும், பாதத்தை உள்ளே இழுக்க வேண்டும், தலையைக் கவிழ்க்க வேண்டும், அதற்குப் பிறகுதான் பின்புறம் கட்டிலை விட்டுக் கிளம்பும். வயசானவர்களுக்கு முதல் தடவை கிளம்பவும் கிளம்பாது. இதெல்லாம் இந்த வீட்டில் தினமும் நடக்கிறது, உங்கள் முதுகுக்குப் பின்னால் என்றேன்.

அவர் நாற்காலியோடு திரும்பி அம்மாவைப் பார்த்தார். மளிகைக் கடையில் தேடிய பொருள் கண்ணெதிரிலேயே இருந்ததைக் கண்டுகொண்ட மாதிரி ஒரு பார்வை.

"அம்மா, ஒரே ஒரு தடவை..."

"முடியாது," என்றார் தோமெ சான். "முப்பது வருஷம் வாசல்ல நின்னேன். பாத்தவங்க பாத்தது போதும்."

உகாய் சான் தரையைப் பார்த்தார். பிறகு ஸ்டூடியோவின் விதியை இழுத்து இழுத்துச் சொல்ல ஆரம்பித்தார். பாதியில் அம்மா நிறுத்தினார்.

"ஓமெதானே. விண்ணப்பத்தோட படம் போட்ட புத்தகம் வந்துச்சே, பாத்தேன். நீ குளிக்கப் போனப்ப சுகெனோ சானை எடுத்துத் தரச் சொன்னேன்."

எடுத்துக் கொடுத்தது நான்தான். செய்யக்கூடாதது. ஆனால் தன் வாழ்க்கையைப் பற்றித்தானே அவர் கேட்டார்.

"அதுல எல்லாக் கிழவிகளும் நேரா நின்னு சிரிக்கிறாங்க," என்றார் தோமெ சான். "ஒருத்தியாவது எழுந்திரிக்கிற மாதிரி ஒரு படம் இல்ல. உன் ஆளுங்கதான் வரைஞ்சாங்களோ என்னவோ. சரி, என்னைத் திருப்பி விடுங்க, சுகெனோ சான்."

நான் பெல்ட்டை மகனிடமிருந்து வாங்கி அம்மாவுக்குக் கட்டினேன். அரிசி மூட்டையை அடுக்களைக்கு எடுத்துப் போகச் சொன்னேன். இரண்டு தடவைக்கு மேல் அவரால் முடியாது, அதற்கு மேல் கேட்டால் நான் செல்போனைப் பிடுங்கிவிடுவேன் என்றும் சொன்னேன். உகாய் சான் செல்போனில் பதிவை ஓடவிட்டு, ஒரு கையில் ஸ்டாப்வாட்ச், ஒரு கையில் பென்சிலோடு தரையில் உட்கார்ந்தார்.

தோமெ சான் ஒருக்களித்தார். காலை விட்டார். உட்கார்ந்து மூச்சு வாங்கினார். நுனிக்கு நகர்ந்து தலையைக் கவிழ்த்தார். பின்புறம் ஒரு கையளவு உயர்ந்து அங்கேயே நின்றது. முழங்கால் நடுங்கியது. வலது கை காற்றில் நீண்டு எதையோ தேடியது. நான் பக்கத்தில் பெல்ட்டைப் பிடித்திருந்தேன், இழுக்கவில்லை. இந்த இடத்தில் காத்திருப்பதுதான் வேலை.

"அப்படியே இருங்கம்மா, அப்படியே," என்றார் உகாய் சான். பென்சில் தாளில் பறந்தது.

தோமெ சான் திரும்ப உட்கார்ந்துவிட்டார்.

"ஷூஜி," என்றார் பிறகு. "நான் கை நீட்டினது உங்கிட்டடா. பென்சில்கிட்ட இல்ல."

உகாய் சானின் காது சிவந்தது. பென்சிலைக் கீழே வைத்தார். மன்னிப்புக் கேட்க வாயைத் திறந்தார். அதற்குள் கணினியில் கூட்டத்துக்கான மணி அடித்தது. தொடர்பு கொள்ள மனிதர்கள் காத்திருந்தார்கள்.

திரையில் பன்னிரண்டு கட்டங்கள். ஒன்பதில் பூனைப் படமும் பூப்படமும் பெயரும்தான், முகம் இல்லை. ஒன்றில் டைரக்டர் மினெகிஷி, பின்னால் மரத்தால் ஆன சுவரும் கணப்பும். வாழ்ந்து முடித்த உடம்பின் கனத்தைத் திரைக்குக் கொண்டுவரப் போகிறேன் என்று அவர் பத்திரிகைகளில் சொல்லியிருந்தார். போஸ்டரிலும் அதையே போட்டிருந்தார்கள்.

உகாய் சான் மூன்றாவது தடவையாக வரைந்ததைக் காட்டவில்லை. அம்மா எழ முயன்ற பதிவைக் காட்டி, இப்படித்தான் இருக்கும், ஆனால் நான்கு விநாடியில் அடங்காது என்றார். அவர் கூட்டத்தில் அவ்வளவு நீளமாகப் பேசி நான் கேட்டதில்லை. ஹெட்போனைக் கழற்றியிருந்ததால் மினெகிஷி பேசியதும் எங்களுக்குக் கேட்டது. ரொம்ப உண்மையாக இருக்கிறது, நன்றி, ஆனால் நாலு விநாடிதான் ஒதுக்கியிருக்கிறது, கொஞ்சம் சுருக்கமாக எழுந்திருக்கச் சொல்ல முடியுமா என்று கேட்டார். முடியாதென்றால் இது மூன்றாவது ரீடேக் என்றுதான் எழுத வேண்டியிருக்கும் என்றும் மரியாதையாகச் சொன்னார்.

"அந்தப் பெட்டியை இந்தப் பக்கம் திருப்பு," என்றார் தோமெ சான்.

உகாய் சான் கணினியைத் தூக்கிக் கட்டிலுக்கு நேராகப் பிடித்துக்கொண்டார். தோமெ சான் திரைக்கு முறைப்படி தலை வணங்கினார். மகன் உங்களுக்குத் தொந்தரவு கொடுக்கிறான் என்றார். பிறகு தன்னைப் படுக்க வைக்கும்படி என்னிடம் சொன்னார். படுத்தார். எழ ஆரம்பித்தார்.

இந்தத் தடவையும் முதல் முயற்சியில் பாதி உயர்ந்து உட்கார்ந்துவிட்டார். இரண்டாவதில் கிளம்பினார். பூனைப் படங்களில் இரண்டு திடீரென்று மனித முகங்களாக மாறின. ஒருவர், யாராவது அவங்களைத் தூக்கிவிடக் கூடாதா என்று மெல்லக் கேட்டார்.

"தூக்கினா நாளைக்கு எழுந்திரிக்க மறந்துருவாங்க," என்றேன். "பேசாம பாருங்க."

நின்றார். நான் சுவர்க் கடிகாரத்தில் பார்த்தேன், பத்தொன்பது விநாடி.

"இதை நாலுல எப்படிப் பண்ணணும்னு சொல்லுங்க, சார்," என்றார் தோமெ சான். "எனக்கும் உபயோகமா இருக்கும்."

மினெகிஷி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மனம் நெகிழ்ந்துவிட்டது என்றார். இதற்காகத்தான் இந்தப் படத்தை எடுக்கிறேன் என்றார். அந்த நெகிழ்ச்சியின் ஈரம் காய்வதற்குள், பத்தொன்பது விநாடிக்குப் படத்தில் இடமே இல்லை, அதனால் இந்த ஷாட்டையே நீக்கிவிடலாம் என்றார். ஊதல் கேட்கட்டும், அடுத்து பார்க்கும்போது கிழவர் ஏற்கெனவே ஜன்னலோரம் நின்றுகொண்டிருக்கட்டும். இருநூற்றுப் பதினாலு இனிமேல் இல்லாத எண்.

இந்தத் தொழிலில் ஒரு வழக்கம் இருக்கிறது. நீக்கிய ஷாட்டின் எண்ணை வேறு ஷாட்டுக்குக் கொடுக்க மாட்டார்கள். பட்டியலில் அந்த இடம் 'இல்லாத எண்' என்று காலியாகவே கடைசி வரை இருக்கும்.

"அப்படின்னா ரீடேக் கணக்கு என்ன ஆகும்?" என்று கேட்டார் உகாய் சான்.

"இல்லாத ஷாட்டுக்கு ஏது ரீடேக்?" என்றார் மினெகிஷி. கட்டங்கள் ஒவ்வொன்றாக அணைந்தன.

சலுகை நிலைத்தது. உகாய் சான் கணினியைப் பிடித்தபடியே சிறிது நேரம் நின்றார். அவர் சிரிக்கிறாரா என்று தெரியவில்லை, தோள் மட்டும் குலுங்கியது.

"அப்ப நான் எழுந்தது யாருக்கும் வேண்டாமா?" என்றார் தோமெ சான்.

"கக்கூசுக்குப் போக எழுந்தீங்க," என்றேன். "வாங்க, போகலாம்."

வாழ்ந்த உடம்பின் கனத்தைப் பற்றிய அந்தப் படத்தில் கிழவர் எழுந்திருக்கும் இடம் இல்லை. படம் அடுத்த வருஷம் வெளியாகும், எல்லோரும் அழுவார்கள் என்று நினைக்கிறேன்.

மறுநாள் வெள்ளிக்கிழமை நான் போனபோது மழை பெய்துகொண்டிருந்தது. ஜன்னலோரம் நிற்கும் கிழவர் உகாய் சானுக்கே வந்திருந்தார். முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறார், அசைவே கிடையாது, ஒரே ஒரு படம். காலை ஒன்பது மணிக்கே முடித்து அனுப்பிவிட்டாராம். வேலை இருக்கிறது என்று அவரால் இனி சொல்ல முடியாது என்பதால், மதியம் அம்மாவைக் கூட்டிப்போகும் முறையை என் கண்ணெதிரில் செய்து காட்டச் சொன்னேன். முதல் தடவை அவசரப்பட்டு அக்குளில் கை கொடுக்கப் போனார், கையைத் தட்டிவிட்டேன். இரண்டாம் தடவை பக்கத்தில் மண்டியிட்டுப் பெல்ட்டைப் பிடித்துக்கொண்டு, அம்மாவின் முழங்கால் நடுங்குவதைப் பார்த்தபடி காத்திருந்தார். அவருக்குத்தான் அதிகமாக வியர்த்தது.

"மூச்சை வேற பக்கம் விடு," என்றார் தோமெ சான். ஆனால் நின்றுவிட்டார்.

அதற்குப் பிறகு உகாய் சான் தாள்களுக்கு அடியிலிருந்து ஓமெ விண்ணப்பத்தை எடுத்துக் கிழிக்கப் போனார். கிழிக்காதீர்கள் என்றேன். அங்கே இடம் கிடைக்க இரண்டு வருஷமாவது ஆகும். அடுத்த படத்தில் என்ன விதி வருமோ, அடுத்த குளிர்காலத்தில் எந்த எலும்பு உடையுமோ யாருக்குத் தெரியும். உகாய் சான் என்னைக் கொலைகாரியைப் பார்ப்பது போலப் பார்த்தார்.

தோமெ சான் கையை நீட்டி விண்ணப்பத்தை வாங்கினார். கண்ணாடி போட்டு முழுவதும் படித்தார். வயதை ஒன்று குறைத்து எழுதியிருக்கிறாய் என்று மகனிடம் சொல்லித் திருத்த வைத்தார், மீதியையும் எழுத வைத்தார். பிறகு கட்டிலோர இழுப்பறையிலிருந்து, கையெழுத்துக்குப் பதிலாகப் போடும் தன் முத்திரையை எடுத்து, சிவப்பு மையில் ஒற்றி, தன் பெயருக்குப் பக்கத்தில் டிக்கெட்டில் ஓட்டை போடுவதைப் போல அழுத்திக் குத்தினார். உகாய் சான் அதை உறையில் போட்டு, குடையை எடுத்துக்கொண்டு, தபால் நிலையத்துக்குப் போனார். நான் படுக்கை விரிப்பை மாற்றினேன்.